கம்ப்யூட்டர் இல்லாமல் கிராபிக்ஸ் செய்த ப்டுஷ்கோ

சென்ற மாதம் என் சித்தப்பா வீட்டில் புதிதாக ஒரு கம்ப்யூட்டர் வாங்கினார்கள். அதை செட்டப் செய்து கொடுக்க நான் போயிருந்தேன். ஒன்பதாம் வகுப்பு படிக்கும் தம்பி பக்கத்திலேயே நாற்காலி போட்டு உட்கார்ந்து கொண்டான். மானிட்டர் ஒளிர்ந்ததும் அவன் கேட்ட முதல் கேள்வி இதுதான்.

"அண்ணா, டிராகன் நெருப்பு கக்கற மாதிரி ஒரு வீடியோ பண்ணணும். எந்த சாப்ட்வேர் போட்டா வரும்?"

நான் பதில் சொல்லாமல், ஒரு பழைய ரஷ்யப் படத்தின் காட்சியைத் தேடி எடுத்துப் போட்டுக் காட்டினேன். மூன்று தலை கொண்ட டிராகன் ஒன்று பறந்து வந்து மூன்று வாயாலும் நெருப்பைக் கக்குகிறது. கீழே வாளுடன் வீரர்கள் அதை எதிர்த்து நிற்கிறார்கள்.

"சூப்பரா இருக்கே! இது எந்த சாப்ட்வேர்ல பண்ணினது?"

"எந்த சாப்ட்வேரும் இல்லடா. இது 1956-ல் வந்த படம்."

அவன் நம்பவே இல்லை. நீங்களும் நம்ப மாட்டீர்கள். 1956-ல் கம்ப்யூட்டர் என்றால் ஒரு அறை முழுவதையும் அடைத்துக் கொண்டு கணக்கு மட்டும் போடும் எந்திரம். மவுஸ் என்ற ஒன்று அப்போது கண்டுபிடிக்கப்படவே இல்லை. ஆனாலும் அந்த டிராகன் பறந்தது. அதைப் பறக்க விட்டவர் பெயர் அலெக்சாண்டர் ப்டுஷ்கோ. சோவியத் யூனியனின் பொம்மை அனிமேஷன் இயக்குநர், தந்திரக் காட்சி நிபுணர். "சோவியத் நாட்டின் வால்ட் டிஸ்னி" என்று அவரை அழைப்பதுண்டு.

புதிதாகக் கம்ப்யூட்டர் வாங்கியிருக்கும் நீங்கள் இவரைப் பற்றி ஏன் தெரிந்து கொள்ள வேண்டும்? இன்று நாம் கிராபிக்ஸ் சாப்ட்வேர்களில் பயன்படுத்தும் லேயர், மாஸ்க், பிரேம் ஆகிய வசதிகளுக்குப் பின்னால் இருக்கும் எண்ணங்கள் எல்லாம் இவரைப் போன்றவர்கள் மரத்தாலும் களிமண்ணாலும் கண்ணாடியாலும் செய்து பார்த்தவைதான். அந்த எண்ணம் புரிந்து விட்டால் எந்த சாப்ட்வேரும் பயமுறுத்தாது. இன்னொரு காரணமும் இருக்கிறது. அதைக் கட்டுரையின் பின்பகுதியில் சொல்கிறேன்.

யார் இந்த ப்டுஷ்கோ?

உக்ரைனின் லுகான்ஸ்க் நகரில் 1900-ம் ஆண்டு ஏப்ரல் 19-ம் தேதி ப்டுஷ்கோ பிறந்தார். அன்று அந்த ஊர் ரஷ்யப் பேரரசுக்குள் இருந்தது. எளிய விவசாயக் குடும்பம். இளம் வயதில் உள்ளூர் நாடக மேடையில் நடித்தார். மேடைக்கான திரைகள், அலங்காரங்களையும் செய்தார். பிறகு 1923-ல் மாஸ்கோ சென்று பொருளாதாரக் கல்லூரியில் சேர்ந்தார். ஆனால் கை வேலை அவரை விடவில்லை. 1927-ல் மாஸ்கோ பட ஸ்டுடியோவில் பொம்மை செய்பவராக வேலைக்குச் சேர்ந்தார். பின்னாளில் மோஸ்பிலிம் என்று புகழ்பெற்ற ஸ்டுடியோ இதுதான்.

முதலில் மற்ற இயக்குநர்களின் குறும்படங்களுக்குப் பொம்மைகள் செய்து கொடுத்தார். விரைவிலேயே தாமே இயக்கத் தொடங்கினார். பிராத்திஷ்கின் என்ற பொம்மைப் பாத்திரத்தை வைத்து 1928 முதல் சில ஆண்டுகளுக்கு வரிசையாகக் குறும்படங்கள் எடுத்தார். இந்தப் படங்கள்தான் அவருடைய சோதனைக் கூடம். பொம்மையையும் உயிருள்ள மனிதரையும் ஒரே காட்சியில் காட்ட முடியுமா என்று அவர் முயன்று பார்த்தது இந்தக் காலத்தில்தான்.

பொம்மை எப்படி நடக்கிறது?

இங்கே ஒரு அடிப்படை விஷயத்தைத் தெரிந்து கொள்வோம். சினிமா என்பது ஓடும் படம் அல்ல. வேகமாக மாறும் நிற்கும் படங்களின் தொகுப்பு. பேசும் படங்களில் ஒரு வினாடிக்கு 24 படங்கள் வருகின்றன. இந்த ஒவ்வொரு படத்துக்கும் பிரேம் என்று பெயர்.

பொம்மை அனிமேஷனில் பொம்மையை வைத்து ஒரு பிரேம் எடுப்பார்கள். பிறகு அதன் காலை ஒரு நூலளவு நகர்த்தி இன்னொரு பிரேம். மீண்டும் நூலளவு நகர்த்தி இன்னொன்று. இப்படி எடுத்ததை வேகமாக ஓட்டினால் பொம்மை நடப்பது போல் தெரியும். இதற்கு ஸ்டாப் மோஷன் என்று பெயர்.

கணக்குப் போட்டுப் பாருங்கள். ஒரு நிமிடப் படத்துக்கு 1,440 பிரேம்கள். சுமார் 75 நிமிடம் ஓடும் படம் என்றால் ஒரு லட்சத்து எட்டாயிரம் பிரேம்கள். இன்று உங்கள் கம்ப்யூட்டரில் புல் எச்டி அளவில் ஒரு பிரேமைச் சுருக்காமல் வைத்தால் அது சுமார் 6.2 எம்பி இடத்தை எடுக்கும். அப்படியானால் முழுப் படத்துக்கும் ஏறத்தாழ 670 ஜிபி ஆகிவிடும். அதனால்தான் வீடியோ பைல்களைச் சுருக்கி வைக்கிறோம்.

ப்டுஷ்கோவுக்கு ஹார்ட் டிஸ்க் பிரச்சினை இல்லை. அவருடைய பிரச்சினை வேறு. பொம்மையின் கை தவறுதலாகச் சரிந்து விட்டாலோ, யாராவது விளக்கை இடித்து விட்டாலோ, அதுவரை எடுத்தது வீண். பிலிமை லேபுக்கு அனுப்பி, கழுவி, பிரதி எடுத்துப் பார்த்த பிறகுதான் தவறே தெரியும். நாம் கண்ட்ரோல் கீயையும் இசட் கீயையும் சேர்த்துத் தட்டினால் போதும், செய்தது மறைந்து பழையது வந்து விடுகிறது. அவர் முதலில் இருந்து பொம்மையை நகர்த்த வேண்டும்.

புதிய கலிவர்: ஆயிரம் பொம்மைகளும் ஒரு பையனும்

ப்டுஷ்கோவின் பெயரை உலகுக்குச் சொன்ன படம் 1935-ல் வெளியான "புதிய கலிவர்". ஜொனாதன் ஸ்விப்டின் கலிவர் கதையை நீங்கள் பள்ளியில் படித்திருப்பீர்கள். அதே கதையை அவர் சோவியத் முறைக்கு மாற்றினார். பெட்யா என்ற சிறுவன் கடற்கரை முகாமில் கலிவர் கதையைக் கேட்டபடியே தூங்கிப் போகிறான். கனவில் அவனே கலிவராக லில்லிபுட் நாட்டில் விழிக்கிறான். அங்கே குட்டி அரசன், குட்டி அமைச்சர்கள், நிலத்தடி ஆயுதத் தொழிற்சாலையில் குட்டித் தொழிலாளர்கள். பையன் தொழிலாளர் பக்கம் நிற்கிறான். அரசாங்கம் விரும்பிய பிரசாரம் படத்தில் வெளிப்படையாகவே இருக்கிறது. ஆனால் பொம்மைகளைப் பார்க்கும்போது நமக்குப் பிரசாரம் மறந்து போகிறது.

படத்தில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட பொம்மைகள் நடித்தன. லில்லிபுட் காட்சிகளில் பையன் மட்டும் உண்மையான நடிகன். வால்ட் டிஸ்னியின் முதல் முழு நீளக் கார்ட்டூன் படமான "ஸ்னோ ஒயிட்" வந்தது 1937-ல். அதற்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன்பே இந்தப் படம் வந்து விட்டது. அமெரிக்காவில் 1933-ல் "கிங்காங்" படத்தில் ஒரு பெரிய குரங்குப் பொம்மையை நடிகர்களுடன் சேர்த்துக் காட்டியிருந்தார்கள். ப்டுஷ்கோ பொம்மைகளின் ஒரு நகரத்தையே சேர்த்துக் காட்டினார்.

பொம்மைகள் எப்படிச் சிரித்தன, பேசின? முக்கியப் பாத்திரங்களுக்கு ஒரே முகம் கிடையாது. சிரிக்கும் முகம், முறைக்கும் முகம், வாய் பாதி திறந்த முகம், முழுவதும் திறந்த முகம் என்று தனித்தனியாகச் செய்து வைத்துக் கொள்வார்கள். ஒவ்வொரு பிரேமுக்கும் தேவையான முகத்தை எடுத்து மாட்டுவார்கள். நீங்கள் பிளெண்டர் போன்ற 3டி சாப்ட்வேரைத் திறந்தால் அதில் ஷேப் கீ என்ற வசதி இருக்கும். ஒரே முகத்துக்குப் பல வடிவங்களைச் செய்து வைத்து, ஒன்றிலிருந்து இன்னொன்றுக்கு மாற்றும் வசதி அது. ப்டுஷ்கோ குழுவினரிடம் அந்த ஷேப் கீகள் மரப்பெட்டியில் அடுக்கி வைக்கப்பட்டிருந்தன என்று வைத்துக் கொள்ளுங்கள்!

பையனையும் பொம்மையையும் சேர்த்தது எப்படி?

இதுதான் கடினமான இடம். பையன் மூச்சு விடுகிறான், கண் சிமிட்டுகிறான், தொடர்ந்து அசைகிறான். பொம்மையோ பிரேம் பிரேமாகத்தான் அசையும். இரண்டையும் ஒரே நேரத்தில் ஒரே கேமராவில் எடுக்க முடியாது. அக்காலத்து ஸ்டுடியோக்களில் இதற்குச் சில வழிகள் இருந்தன. ஒவ்வொன்றுக்கும் இன்றைய கம்ப்யூட்டரில் ஒரு வாரிசு இருக்கிறது.

மறைத்து எடுத்தல்: லென்சுக்கு முன்னால் கறுப்பு அட்டையை வைத்து பிரேமில் பாதியை மறைத்து விடுவார்கள். மீதிப் பாதியில் பையனை எடுப்பார்கள். பிறகு பிலிமைப் பின்னால் சுற்றி, ஏற்கனவே எடுத்த பகுதியை மறைத்து, காலியான பாதியில் பொம்மைகளை எடுப்பார்கள். கேமரா மயிரிழை நகர்ந்தாலும் நடுவில் கோடு தெரிந்து விடும். இன்று போட்டோ எடிட்டிங் சாப்ட்வேரில் மாஸ்க் என்று சொல்வது இதைத்தான்.

கண்ணாடி ஓவியம்: கேமராவுக்கு முன்னால் ஒரு கண்ணாடியை நிறுத்தி, அதன் ஒரு பகுதியில் கோட்டையையோ மலையையோ வரைவார்கள். வரையாத பகுதி வழியாக நடிகர்கள் தெரிவார்கள். படத்தில் நடிகர்கள் கோட்டைக்கு முன் நிற்பது போல் இருக்கும். இது அப்படியே நம் லேயர் வசதி. கிம்ப் என்ற இலவச சாப்ட்வேரில் ஒரு படத்தின் மேல் இன்னொரு லேயரைச் சேர்க்கும்போது, நீங்கள் செய்வது கண்ணாடித் தகட்டை நிறுத்தும் வேலைதான்.

பின்புறத் திரை: முன்பே எடுத்த படத்தை ஒரு திரையில் பின்னாலிருந்து ஓட விட்டு, அதன் முன் நடிகரை நிறுத்தி எடுப்பார்கள்.

தூரத்தை ஏமாற்றுதல்: ஒருவரைக் கேமராவுக்கு அருகிலும் இன்னொருவரைத் தொலைவிலும் நிறுத்தினால், அருகில் இருப்பவர் ராட்சதனாகத் தெரிவார். இருவரும் ஒரே தரையில் நிற்பது போல் அரங்கத்தைக் கட்டி விட்டால் பார்ப்பவர் கண்டுபிடிக்க முடியாது. ப்டுஷ்கோ 1939-ல் எடுத்த "தங்கச் சாவி" படத்தில் இந்த முறை கை கொடுத்தது. புராத்தினோ என்ற மரப் பொம்மைப் பையனின் கதை அது. எழுதியவர் அலெக்ஸி டால்ஸ்டாய். பெரிய உருவம் கொண்ட பொம்மலாட்டக்காரனும் குட்டிப் பாத்திரங்களும் அதில் ஒரே காட்சியில் வருகிறார்கள்.

இவ்வளவையும் ப்டுஷ்கோ ரகசியமாக வைத்துக் கொள்ளவில்லை. ஒளிப்பதிவாளர் நிக்கோலாய் ரென்கோவுடன் சேர்ந்து தந்திரக் காட்சிகள் எடுப்பது பற்றி ஒரு புத்தகமே எழுதினார். அது 1941-ல் வெளியானது. இன்று சிலர் தாங்கள் எழுதிய புரோகிராமை எல்லோரும் படிக்கும்படி வெளியிடுகிறார்கள் அல்லவா? அது போன்ற செயல் இது.

மூன்று நிறங்களின் கதை

உங்கள் மானிட்டரைப் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தால் சிவப்பு, பச்சை, நீலம் என்று மூன்று நிறப் புள்ளிகள் மட்டுமே தெரியும். மற்ற எல்லா நிறங்களும் இந்த மூன்றின் கலவை. கலர் சினிமாவும் இதே தத்துவத்தில்தான் பிறந்தது.

1936 முதல் 1938 வரை மோஸ்பிலிமில் பொம்மை அனிமேஷன் பிரிவுக்கு ப்டுஷ்கோ தலைமை வகித்தார். அந்தப் பிரிவு எடுத்த சில குறும்படங்கள் கலரில் வந்தன. 1937-ல் அவர் எடுத்த "மீனவனும் தங்க மீனும்" கதை அவற்றில் ஒன்று.

பிறகு போர் வந்தது. மாஸ்கோவின் சினிமாக் கலைஞர்கள் பலர் கஜகஸ்தானின் அல்மா ஆட்டா நகருக்கு அனுப்பப்பட்டார்கள். ப்டுஷ்கோவும் அங்கே போனார். போர் முடியும் வரை அவர் சொந்தப் படம் எதையும் இயக்கவில்லை. மற்றவர்களின் படங்களுக்குத் தந்திரக் காட்சிகள் செய்து கொடுத்தார்.

போர் முடிந்ததும் ஜெர்மனியிடம் இருந்து அக்பாகலர் என்ற கலர் பிலிம் சோவியத் படையின் கைக்கு வந்தது. அமெரிக்காவின் டெக்னிகலர் முறைக்கு மூன்று பிலிம்கள் ஒரே நேரத்தில் ஓடும் பெரிய கேமரா தேவை. அக்பாகலரில் ஒரே பிலிமின் மேல் மூன்று நிறங்களுக்கான மூன்று அடுக்குகள் பூசப்பட்டிருக்கும். சாதாரணக் கேமராவே போதும். இந்த பிலிமை வைத்து ப்டுஷ்கோ எடுத்த "கல் மலர்" 1946-ல் வெளிவந்தது. செக் நாட்டின் பிராக் நகரில் படப்பிடிப்பு நடந்தது. கல்லில் உயிருள்ள மலரைச் செதுக்கத் துடிக்கும் ஒரு கைவினைஞனின் கதை. யூரல் மலைப் பகுதிக் கதைகளைத் தொகுத்து எழுதிய பாவெல் பழோவ் எழுதியது. அதே ஆண்டு பிரான்சில் நடந்த முதல் கான் திரைப்பட விழாவில் இந்தப் படம் கலருக்கான பரிசைப் பெற்றது.

கடலுக்கு அடியிலும் இந்தியாவிலும்

"கல் மலர்" வெற்றிக்குப் பிறகு அவர் பொம்மைப் படங்களில் இருந்து பெரிய புராணக் கதைப் படங்களுக்கு மாறினார். ஆனால் பொம்மையை விட்டு விடவில்லை.

1953-ல் "சாட்கோ" வெளியானது. நோவ்கோரோத் நகரின் இசைக் கலைஞன் ஒருவன் மகிழ்ச்சியைத் தரும் பறவையைத் தேடிக் கப்பலேறுகிறான். அந்தத் தேடல் அவனை இந்தியா வரை கொண்டு வருகிறது! யானைகள், சதுரங்கம் ஆடும் மகாராஜா, கோட்டைக்குள் பெண் முகம் கொண்ட மாயப் பறவை. நம் ஊரை அறிந்த நமக்கு இது வேடிக்கையாக இருக்கும். கற்பனை இந்தியாதான். பிறகு கடலரசனின் மாளிகை. அங்கே ஆக்டோபஸ், மீன்கள் எல்லாம் பொம்மைகள். சாட்கோ ஒரு கடல் குதிரை மேலேறித் தப்பிக்கிறான். வெனிஸ் திரைப்பட விழாவில் இந்தப் படம் வெள்ளிச் சிங்கம் விருது பெற்றது.

1956-ல் வந்த "இல்யா முரோமெட்ஸ்" சோவியத் நாட்டின் முதல் அகலத்திரைப் படம். கட்டுரையின் தொடக்கத்தில் சொன்ன டிராகன் இதில்தான் வருகிறது.

இங்கே ஒரு சின்னக் கணக்கு. சிறிய மாடலைப் பெரியதாகக் காட்டுவது எப்படி? மேசை மேல் இருக்கும் குட்டிக் கப்பலை அப்படியே படம் எடுத்தால் பொம்மை என்று உடனே தெரிந்து விடும். காரணம் வேகம். சின்னப் பொருள் விழுவதற்கு எடுக்கும் நேரம் குறைவு. பெரிய பொருள் மெதுவாகச் சரியும். எனவே மாடல் காட்சிகளை வேகமாகப் பிரேம் எடுக்கும் கேமராவில் எடுத்து மெதுவாக ஓட்டுவார்கள். எத்தனை மடங்கு? மாடல் எத்தனை மடங்கு சிறியதோ அந்த எண்ணின் வர்க்கமூலம். உண்மையில் பதினாறில் ஒரு பங்கு அளவுள்ள கப்பல் என்றால் 16-ன் வர்க்கமூலம் 4. வினாடிக்கு 24 பிரேமுக்குப் பதில் 96 பிரேம் எடுக்க வேண்டும். உங்கள் போனில் ஸ்லோ மோஷன் வசதி இருந்தால் பக்கெட் தண்ணீரில் காகிதக் கப்பலை விட்டு இதைச் செய்து பாருங்கள்.

1959-ல் பின்லாந்துடன் கூட்டாக "சாம்போ", 1961-ல் "செந்நிறப் பாய்மரங்கள்", 1966-ல் "சால்தான் மன்னனின் கதை" என்று அவர் தொடர்ந்து எடுத்தார். 1967-ல் கோகல் எழுதிய பேய்க் கதையை "வீய்" என்ற படமாக இரண்டு இளம் இயக்குநர்கள் எடுத்தபோது, தந்திரக் காட்சிகளுக்குக் கை கொடுத்தவர் ப்டுஷ்கோ. சர்ச்சுக்குள் சவப்பெட்டி பறந்து வரும் அந்தக் காட்சியை இரவில் தனியாகப் பார்க்காதீர்கள்! கடைசிப் படம் 1972-ல் வந்த "ருஸ்லானும் லுட்மிலாவும்". புஷ்கின் எழுதிய கதை. போர்க்களத்தில் கிடந்தபடி பேசும் ராட்சதத் தலையும், நீண்ட தாடியோடு பறக்கும் குள்ள மந்திரவாதியும் அதில் வருகிறார்கள். 1973 மார்ச் 6-ம் தேதி மாஸ்கோவில் ப்டுஷ்கோ காலமானார். அப்போது அவருக்கு வயது 72.

பெயர் காணாமல் போன கதை

இனி நான் முன்பு சொன்ன இரண்டாவது காரணத்துக்கு வருகிறேன்.

1960-களின் தொடக்கத்தில் அமெரிக்கத் தயாரிப்பாளர்கள் சிலர் சோவியத் படங்களை விலைக்கு வாங்கினார்கள். அமெரிக்காவும் சோவியத் யூனியனும் பகைமையின் உச்சத்தில் இருந்த நேரம் அது. கியூபா ஏவுகணை நெருக்கடி நடந்ததும் 1962-ல்தான். ரஷ்யப் படம் என்று சொன்னால் அங்கே டிக்கெட் விற்காது. எனவே ரோஜர் கார்மன் என்ற தயாரிப்பாளர் "சாட்கோ" படத்தைக் கத்தரித்து, ஆங்கிலம் பேச வைத்து, 1962-ல் "சிந்துபாத்தின் மாயப் பயணம்" என்று வெளியிட்டார். நோவ்கோரோத் இசைக் கலைஞன் ஒரே இரவில் சிந்துபாத் ஆகிவிட்டான். ஆங்கிலத்துக்குக் கதையைத் தழுவிக் கொடுத்த இளைஞர் யார் தெரியுமா? பின்னாளில் "காட்பாதர்" எடுத்த பிரான்சிஸ் போர்டு கப்போலா.

இயக்குநர் பெயரும் மாறியது. டைட்டிலில் ப்டுஷ்கோ இல்லை. "ஆல்பிரட் போஸ்கோ" என்ற ஒரு பெயர் வந்தது. அப்படி ஓர் ஆளே கிடையாது. "சாம்போ" படத்துக்கும் 1964-ல் இதே கதிதான். அதற்கு இன்னொரு கற்பனை இயக்குநர். நடிகர்கள், ஒளிப்பதிவாளர்கள் பெயர்களும் ஆங்கிலப் பெயர்களாக மாறின. 1990-களில் அமெரிக்க டிவியில் பழைய படங்களைக் கிண்டல் செய்யும் நிகழ்ச்சி ஒன்றில் இந்த வெட்டிய பிரதிகள் காட்டப்பட்டன. நிறம் மங்கிய பிரதியைப் பார்த்துச் சிரித்தவர்களில் எத்தனை பேருக்கு, இது வெனிசில் விருது வாங்கிய படம் என்று தெரிந்திருக்கும்?

உரிமையைக் காசு கொடுத்துத்தான் வாங்கினார்கள். சட்டப்படி திருட்டு என்று சொல்ல முடியாது. ஆனால் பெயர் போய்விட்டது.

இதைப் படித்தபோது எனக்கு என் முதல் வேலை ஞாபகம் வந்தது. கல்லூரி முடித்து ஒரு நிறுவனத்தில் சேர்ந்த புதிது. எட்டு மாதம் இரவு பகலாக உட்கார்ந்து ஒரு புரோகிராம் எழுதினேன். வாடிக்கையாளருக்குச் செய்து காட்டிய நாளில் முதல் ஸ்லைடில் இன்னொருவர் பெயர் இருந்தது. சம்பளம் ஒழுங்காக வந்தது, அதில் குறை இல்லை. ஆனால் அன்று இரவு வீட்டுக்கு வந்து அம்மா "எப்படிப்பா நடந்தது?" என்று கேட்டபோது எனக்குப் பதில் சொல்ல வரவில்லை.

அதே நேரம் என்னையும் கேட்டுக் கொள்ள வேண்டியிருக்கிறது. கல்லூரி நாட்களில் பிறர் எழுதிய புரோகிராமைக் காப்பி செய்து, மேலே இருந்த பெயரை அழித்து விட்டு என் பிராஜெக்டில் நான் சேர்த்ததே இல்லையா? சேர்த்திருக்கிறேன். அந்தப் பெயருக்குச் சொந்தக்காரருக்கு அது இன்று வரை தெரியாது.

புதிதாகக் கம்ப்யூட்டர் வாங்கியவர்களுக்கு இது முக்கியம். காப்பி, பேஸ்ட் என்ற இரண்டு கட்டளைகள் நமக்கு மிக எளிது. இன்டர்நெட்டில் கிடைக்கும் படத்தை எடுத்து, ஓரத்தில் இருக்கும் பெயரை வெட்டி விட்டு, நண்பர்களுக்கு அனுப்புவது அரை நிமிட வேலை. இலவசமாகக் கிடைப்பதெல்லாம் பெயரில்லாதது அல்ல. எம்ஐடி லைசென்ஸ் என்ற உரிமத்தில் வெளிவரும் சாப்ட்வேர்களை நீங்கள் இலவசமாகப் பயன்படுத்தலாம், மாற்றலாம், விற்கவும் செய்யலாம். எழுதியவரின் காப்பிரைட் குறிப்பையும் அந்த உரிமத்தையும் அழிக்கக் கூடாது என்பதுதான் நிபந்தனை. எவ்வளவு சின்ன நிபந்தனை பாருங்கள்.

அதனால் நானும் சொல்லி விடுகிறேன். "புதிய கலிவர்" பொம்மைகளுக்கு முகம் செதுக்கியவர் சாரா மோக்கில் என்ற பெண் கலைஞர். அதை ஒளிப்பதிவு செய்தவர் நிக்கோலாய் ரென்கோவ். "கல் மலர்", "சாட்கோ" படங்களை ஒளிப்பதிவு செய்தவர் பியோதர் ப்ரோவோரோவ். ப்டுஷ்கோ தனியாக எதையும் செய்யவில்லை.

அவர் பெயர் திரும்பி வந்ததும் தொழில்நுட்பத்தால்தான். டிவிடி வந்த பிறகு அவருடைய படங்கள் வெட்டப்படாத வடிவில், உண்மைப் பெயரோடு வெளிநாட்டு ரசிகர்களுக்குக் கிடைத்தன. 2011 முதல் மோஸ்பிலிம் ஸ்டுடியோ தன் பழைய படங்கள் பலவற்றை யூடியூபில் வெளியிடத் தொடங்கியது.

நீங்களும் செய்து பார்க்கலாம்

உங்களுக்குத் தேவையானவை ஒரு போன் அல்லது வெப்கேமரா, ஒரு மேசை விளக்கு, களிமண் அல்லது பிசைந்த மைதா மாவு. அவ்வளவுதான்.

1. கேமராவை அசையாமல் நிறுத்துங்கள். ஸ்டாண்டு இல்லையென்றால் நான்கு தடித்த புத்தகங்களும் ரப்பர் பேண்டும் போதும்.

2. ஜன்னலைச் சாத்தி விட்டு விளக்கு வெளிச்சத்தில் எடுங்கள். மேகம் வந்து போனால் ஒவ்வொரு பிரேமிலும் வெளிச்சம் மாறிப் படம் மினுக்கும். போனில் போகஸ், வெளிச்சம் இரண்டையும் லாக் செய்து கொள்ளுங்கள்.

3. வினாடிக்கு 12 பிரேம் என்று வைத்துக் கொள்ளுங்கள். தொடங்குபவர்களுக்கு இது போதும். 5 வினாடிப் படத்துக்கு 60 போட்டோக்கள்.

4. பொம்மை புறப்படும்போதும் நிற்கும்போதும் கொஞ்சம் கொஞ்சமாகவும், நடுவில் சற்று அதிகமாகவும் நகர்த்துங்கள். அப்போதுதான் அசைவு இயல்பாக இருக்கும்.

5. போட்டோக்களைக் கம்ப்யூட்டருக்கு மாற்றும்போது 001, 002, 003 என்று பெயர் கொடுங்கள். வெறும் 1, 2, 3 என்று கொடுத்தால் சில புரோகிராம்கள் 1-க்கு அடுத்து 10-ஐ எடுத்துக் கொள்ளும். பொம்மை முன்னும் பின்னும் குதிக்கும்!

6. பிளெண்டர் சாப்ட்வேரின் வீடியோ எடிட்டரில் இந்தப் போட்டோக்களை வரிசையாகச் சேர்க்கலாம். வேகத்தை 12 என்று கொடுத்து வீடியோவாக மாற்றுங்கள். போனிலேயே இதைச் செய்யும் ஸ்டாப் மோஷன் ஆப்களும் உண்டு.

7. அசல் போட்டோக்களை வேறு ஒரு போல்டரில் காப்பி எடுத்து வையுங்கள். எடிட் செய்யும்போது கெட்டுப் போனால் திரும்பி வர அதுதான் வழி.

என் தம்பி அன்றே ஆரம்பித்து விட்டான். சித்தி பூரிக்குப் பிசைந்து வைத்த மாவில் பாதி டிராகன் ஆனது. முதல் தடவை விளக்கை இடித்து விட்டான், 40 போட்டோ வீண். இரண்டாம் தடவை டிராகனின் கழுத்து தொங்கி விட்டது. மூன்றாம் தடவை சித்தப்பா பின்னால் இருந்து தீக்குச்சியைப் பிடித்துக் கொள்ள, ஐந்து வினாடிப் படம் வந்தது. கழுத்து கொஞ்சம் கோணல்தான்.

ஓட்டிப் பார்த்து விட்டு, "பேரு போடணும்ல அண்ணா?" என்றான். கடைசியில் ஒரு கறுப்புப் பிரேம் சேர்த்து எழுதினோம். இயக்கம்: அவன் பெயர். நெருப்பு: அப்பா. மாவு: அம்மா. கம்ப்யூட்டர் உதவி என்று என் பெயரும் இருந்தது. அதற்குக் கீழே அவனாகவே ஒரு வரி சேர்த்தான். "நன்றி: ப்டுஷ்கோ".